பஸ்ஸேறிப் போகிறவர்களின் கணக்கு

ஆசிரியர் அவர்களுக்கு,

மலையக மாணவர்களின் பல்கலைக்கழகக் கல்வி பற்றிக் கடந்த வார இதழில் எழுதியவர், வருகைதரு விரிவுரையாளர்கள் நேரம் முடிந்ததும் பஸ்ஸேறிப் போய்விடுவதாகவும் பிள்ளைகளுக்கு வழிகாட்ட ஆளில்லை என்றும் கவலைப்பட்டிருந்தார். நல்ல கவலை. பேராதனையிலிருந்து அட்டனுக்குக் கடைசி பஸ் எத்தனை மணிக்கு என்றும் விசாரித்திருக்கலாம்.

போகாமல் எங்கே இருப்பது? பலருக்கு மேசையே கிடையாது. விரிவுரை மண்டபத்தில் நின்ற மணித்தியாலத்துக்கு மட்டும்தான் காசு. குறிப்புத் தயாரிப்பதும் ஒப்படை திருத்துவதும் தமிழில் நூலில்லாத பாடத்தை இரவிருந்து தமிழில் எழுதிக்கொடுப்பதும் புண்ணியக் கணக்கு. விடைத்தாளுக்குத் தனிக் கட்டணம் உண்டுதான். பெறுபேறு வந்த பிறகும் அது வராது.

கொடுப்பனவு நகரும் வழி தங்களுக்குத் தெரியாததல்ல. வரவுப் பதிவில் ஒப்பமிட்டுப் படிவம் நிரப்பினால் துறைத்தலைவர், பீடாதிபதி, உதவிப் பதிவாளர், பிறகு நிதிப்பிரிவு. 15 வாரத் தவணையில் நியமனக் கடிதம் ஆறாவது வாரம் வந்தால் தொலைந்தது. கடிதத் திகதிக்கு முந்திய விரிவுரைகளுக்கு நிதிப்பிரிவு காசு விடாது. படிவக் கோவை மறுபடி மேலே ஏறும். தேங்கியதெல்லாம் ஒரே மாதத்தில் வந்து ஓர் இலட்சம் ரூபாயைத் தாண்டினால், 2023இலிருந்து காசு கொடுக்கும்போதே பிடித்துக்கொள்ளும் 5 வீத நிறுத்திவைத்தல் வரி வேறு. மாதாமாதம் கொடுத்திருந்தால் அந்த எல்லைக்குக் கிட்டவும் போயிருக்காது. வரி கட்டுமளவு வருமானமில்லாதவர் அதைத் திருப்பிக் கேட்க இன்னுமொரு படிவம்.

2024இல் கல்விசாரா ஊழியர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது விரிவுரை நடக்காத வாரங்களுக்கு இவர்களுக்கு ஒரு சதமும் இல்லை. 2012இல் தேசிய உற்பத்தியில் 6 வீதம் கல்விக்கு வேண்டுமென்று விரிவுரையாளர் சங்கங்கள் வீதிக்கு இறங்கியபோதும் இவர்கள் கதை யார் வாயிலும் வரவில்லை.

கொழுந்து பறிக்கும் தாயின் சம்பளத்தில் ஊழியர் சேமலாப நிதிக்கு 8 வீதம் பிடிக்கிறார்கள். தோட்டம் 12 வீதம் போடவேண்டும், ஊழியர் நம்பிக்கை நிதிக்கு மேலும் 3 வீதம். அவள் படிக்கவைத்த பிள்ளை வருகைதரு விரிவுரையாளராகி மணித்தியாலக் கணக்கில் பட்டதாரிகளை உருவாக்குகிறது. அதற்கு இதில் எதுவும் இல்லை. வரிச் சட்டத்தின் கண்ணில் அது ஊழியரல்ல, சேவை வழங்குநராம்!

நிரந்தர நியமனம் கேட்டு எழுதவில்லை, ஐயா. நியமனக் கடிதம் முதல் விரிவுரைக்கு முன் கைக்கு வரட்டும், காசை மாதாமாதம் கொடுக்கட்டும். பதிவாளர்களிடம் இதைத் தங்கள் நிருபர் ஒருவர் கேட்டுப் பிரசுரித்தால் போதும்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
கம்பளை