டிக்கின்ஸ் கண்ட புரட்சியும் நம் கோட்டை வாசலும்

ஆசிரியர் அவர்களுக்கு,

கடந்த ஞாயிறு இதழில் சார்ள்ஸ் டிக்கின்ஸின் ‘இரு நகரங்களின் கதை’ பற்றி வந்த கட்டுரை, பிரெஞ்சுப் புரட்சியின் உண்மை முகத்தை அந்த நாவல் காட்டுவதாகச் சொல்கிறது. உயர்தர மாணவர்களுக்கு 27 ஆண்டுகள் ஐரோப்பிய வரலாறு படிப்பித்த என்னால் இதை ஏற்க முடியவில்லை.

அந்த நாவலின் சுருக்கத்தை வாசித்து முடித்த என் பேத்தி, “அம்மம்மா, அந்தச் சனங்கள் ஏன் இப்படி வெறிபிடித்து அலைந்தார்கள்?” என்று கேட்டாள். அவள் மனதில் நின்றவை தலைவெட்டும் பொறியான கில்லட்டினும், சாகவேண்டியவர்களின் பெயர்களைப் பின்னலில் பொறித்தபடி அமர்ந்திருக்கும் மதாம் தெஃபார்ஜும்தான். பிரபுவின் வண்டி ஒரு குழந்தையை நசுக்கியதையும் டிக்கின்ஸ் எழுதியிருக்கிறார். அந்த நேர்மையை மறுக்கமாட்டேன். ஆனால் 1789 ஆகஸ்டில் பிரபுக்களின் சலுகைகள் ஒரே இரவில் விழுந்ததும், மனித உரிமைப் பிரகடனம் பிறந்ததும் அந்தக் கதையில் எங்கே?

டிக்கின்ஸ் எழுதியது 1859 இல். 1837 இல் வெளிவந்த தோமஸ் கார்லைலின் பிரெஞ்சுப் புரட்சி வரலாற்று நூலை முன்னுரையிலேயே போற்றுகிறார். கார்லைலுக்கும் முன்னவர் பிரித்தானியப் பாராளுமன்ற உறுப்பினர் எட்மண்ட் பர்க். 1790 நவம்பரில், பிரெஞ்சு மன்னன் இன்னும் அரியணையில் இருந்தபோதே, புரட்சியைக் கண்டித்து நூல் எழுதிவிட்டார். பாரிசைப் பார்த்து எழுதினாலும் அவர் அஞ்சியது இலண்டனை நினைத்து. அதே மாதத்தில் அவருக்கு மறுப்பு எழுதியவர் ஆங்கில எழுத்தாளர் மேரி வுல்ஸ்டன்கிராஃப்ட். அவர் 1792 இல் பாரிசுக்கே போனார். தெரிந்தவர்கள் கில்லட்டினுக்குப் போன நாட்களில் அங்கே வாழ்ந்தார். 1794 இல் புரட்சியின் வரலாற்றை வெளியிட்டார். இரத்தத்தைக் கண்டு கலங்கினார், ஆனால் சமத்துவத்தைக் கைவிடவில்லை. இந்தப் பெண்ணைப் பற்றி ஒரு வரியாவது அக்கட்டுரையில் இருந்திருக்க வேண்டும்.

இன்னொன்றும் என் மனதை உறுத்துகிறது. இதையெல்லாம் ஏதோ தூரதேசத்துக் கதையாகவே எழுதுகிறோம். கோணேசர் கோயிலுக்குப் போகும்போது பிரெட்றிக் கோட்டை வாசலைக் கடந்துதானே போகிறோம்? அந்தக் கோட்டை அப்போது ஒல்லாந்தரிடம் இருந்தது. 1795 ஜனவரியில் பிரெஞ்சுப் புரட்சிப் படை ஒல்லாந்தின் அம்ஸ்டர்டாமை அடைந்தது. ஒல்லாந்தின் இளவரசர் இங்கிலாந்துக்குத் தப்பியோடி, தம் நாட்டின் குடியேற்றங்களுக்குள் ஆங்கிலேயரை அனுமதிக்கும்படி இலண்டனுக்கு அருகே உள்ள கியூவிலிருந்து கடிதம் எழுதினார். ஆகஸ்டில் இந்தக் கோட்டை ஆங்கிலேயர் கைக்குப் போனது. மான்கள் மேயும் மரத்தடியில் மாணவர்களை உட்கார வைத்து இதை நான் சொல்லும்போது, புத்தகத்தில் இருந்த பிரான்ஸ் அவர்கள் காலடிக்கு வந்துவிடும்.

ஆங்கிலேயர் ஆட்சியில், திரினிடாட்டில் பிறந்த எழுத்தாளர் சி. எல். ஆர். ஜேம்ஸ், பிரான்சின் குடியேற்றமாயிருந்த ஹெயிட்டியில் நடந்த அடிமைகளின் புரட்சியை 1938 இல் எழுதினார். 1793 இல் அங்கே இறங்கிய ஆங்கிலப் படை அடிமை முறையைக் காக்க ஐந்தாண்டுகள் போரிட்டுத் தோற்றதை அந்த நூல் சொல்கிறது. பர்க்கும் கார்லைலும் நிற்காத இடத்தில் நின்று எழுதியவர் அவர். அவரைப் பற்றியும் உங்கள் இதழ் எழுதவேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். என் பேத்திக்கு இப்போது இரவுதோறும் அந்த வரலாற்றைத்தான் தமிழில் சொல்லி வருகிறேன். நேற்று அந்தப் புரட்சியின் தலைவர் துசேன் லூவெர்த்தூர் சிறைப்பட்ட இடத்தில் நிறுத்தினேன். அவள் தூங்க மறுத்துவிட்டாள்.

ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியை,
உவர்மலை, திருகோணமலை.