தன் இசையைத் தானே எடுத்துவிட்டவர்

அன்புள்ள மாப்ள,

கடிதம் கிடைத்தது. பேத்திக்குக் காதுகுத்து முடிந்ததில் சந்தோஷம். முத்தியால்பேட்டையில் எல்லோரும் சுகம்.

உன் பையன் தேவனாம்பட்டினத்து மீனவர்களைப் பற்றிய குறும்படத்துக்கு இசை போடுகிறான், யாருடைய இசையைக் கேட்கச் சொல்லலாம் என்று எழுதியிருந்தாய். யோஹான் யோஹான்சன் என்பேன். ஐஸ்லாந்துக்காரர், இசையமைப்பாளர்.

அவருடைய அப்பா ஐபிஎம் கம்ப்யூட்டர் கம்பெனியில் இன்ஜினியர். அங்கே இருந்த 1401 என்ற கம்ப்யூட்டரின் பக்கத்தில் ரேடியோவை வைத்தால், அதன் மின்காந்த அலைகள் ரேடியோவில் சத்தமாக விழும். மிக்ஸி போட்டால் நம் வீட்டு ரேடியோ கரகரக்குமே, அப்படித்தான். புரோகிராமை மாற்றி மாற்றி அந்தச் சத்தத்தையே மெட்டாக்கி டேப்பில் பிடித்து வைத்திருந்தார் மனுஷன். மகன் அந்த டேப்பைச் சுற்றி வயலின்களை எழுதி 2006இல் ஆல்பமாக வெளியிட்டார். கேட்டுப் பார், மெஷின் அழுவது போலிருக்கும்.

அப்புறம் சினிமா. 'தியரி ஆஃப் எவ்ரிதிங்' படத்துக்குக் கோல்டன் குளோப் விருது. எனக்குப் பிடித்தது 'சிகாரியோ'. அதில் மெட்டைத் தேடினால் அகப்படாது. முரசும் அடித்தொண்டையில் உறுமும் தந்திகளும்தான்.

ஆனால் பையனுக்குச் சொல்ல வேண்டியது 'மதர்!' கதை. 2017இல் வந்த படம். அதற்கு முழுக்க இசை எழுதினார். பிறகு படத்தோடு வைத்துப் பார்த்துவிட்டு, இசையே வேண்டாம் என்று இயக்குநர் அரனாஃப்ஸ்கியும் அவரும் முடிவு செய்தார்கள். வெளிவந்த படத்தில் வீட்டின் கிரீச்சும் மூச்சும் காலடியும்தான். நம் பாட்டுக் கச்சேரியில் கீபோர்டுக்காரன் ஒரு நொடி கையை எடுத்தால் நீ முறைப்பாயே, உனக்கு இது விளங்குமோ என்னவோ! நம் படங்களில் கொஞ்சம் அமைதி வந்தால் தியேட்டரில் ஸ்பீக்கர் போய்விட்டது என்று விசில் அடிக்கிறார்கள். அதற்குப் பயந்தே எல்லா இடத்தையும் ரொப்பி வைக்கிறார்கள் என்பது என் எண்ணம்.

யோஹான்சனே இயக்கிய 'லாஸ்ட் அண்ட் ஃபர்ஸ்ட் மென்' படம் இன்னும் ஒருபடி மேலே. பழைய யூகோஸ்லாவியாவின் கான்கிரீட் நினைவுச் சின்னங்கள், கறுப்பு வெள்ளை, ஆளே கிடையாது. நடிகை டில்டா ஸ்வின்டனின் குரலும் இசையும் மட்டும். பாதியில் எனக்குக் கண் சொக்கியது, பொய் சொல்ல மாட்டேன். ஆனாலும் அந்தக் கற்களே பேசுவதாகத் தோன்ற வைத்துவிட்டார். 2020இல் பெர்லின் விழாவில் திரையிட்டபோது அவர் இல்லை. 2018லேயே, 48 வயதில் போய்விட்டார்.

சரி, பையனிடம் சொல். கீபோர்டைத் திறக்குமுன் படகு எஞ்சினையும் வலை இழுக்கும் குரலையும் ஏலக் கூச்சலையும் பதிவு செய்யட்டும். கடற்காற்று மைக்கில் மோதிப் படபடவென்று கெடுத்துவிடும். மைக்குக்கு ரோம உறை கட்டாயம். அதையெல்லாம் படத்தில் ஓடவிட்டுப் பார்த்து, எங்கே போதவில்லையோ அங்கே மட்டும் வாசிக்கட்டும்.

எடிட் முடிந்ததும், இசை சேர்ப்பதற்கு முன் எனக்கு ஒரு பிரதி அனுப்பச் சொல். வரும்போது மல்லாட்டை கொண்டு வா, வறுக்காதது.

உன்,
முத்தியால்பேட்டையான்