பொங்கலுக்கு ஊருக்குப் போகும் முன்: பாராட்டும் அணைப்பும்

அன்புள்ள பெற்றோருக்கு,

வணக்கம். பொங்கல் விடுமுறைக்கு உங்களில் பலர் சொந்த ஊருக்குப் போவீர்கள். பிள்ளைகள் தாத்தா பாட்டியோடு சில நாள் இருப்பார்கள். அதற்கு முன் உங்களிடம் ஒன்று பேச வேண்டும்.

அரையாண்டு விடைத்தாள் கொடுத்த அன்று, ஏழாம் வகுப்பு மாணவன் ஒருவனோடு அவனுடைய தாத்தா வந்திருந்தார். காலாண்டில் கணக்கில் தேறாத பையன், இப்போது 78 மதிப்பெண். தாளைப் பக்கம் பக்கமாகப் புரட்டியவர், "ம்... இன்னும் கவனமாப் போட்டிருக்கலாம்" என்று மட்டும் சொன்னார். பையனுக்கு முகம் வாடிவிட்டது. பையை எடுக்க அவன் வகுப்புக்குள் போனதும், வராந்தாவில் நின்ற இன்னொருவரிடம், "எழுபத்தெட்டு எடுத்திருக்கான். யாரும் சொல்லித் தரல, அவனே உக்காந்து போட்டுப் பழகினான்" என்றார். குரல் தழுதழுத்தது. கேட்க வேண்டியவன் அங்கே இல்லை.

அந்தத் தலைமுறையைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது. முகத்துக்கு நேரே புகழ்ந்தால் கண் பட்டுவிடும், தலைக்கனம் ஏறிவிடும் என்று கேட்டு வளர்ந்தவர்கள். கன்னத்தில் கறுப்புப் பொட்டு வைப்பதும், உப்பு மிளகாய் சுற்றிப் போடுவதும், நெட்டி முறிப்பதும்தான் அவர்கள் பாசம். மகன் தோளுக்கு மேல் வளர்ந்துவிட்டால் அப்பா அவனைக் கட்டிப்பிடிப்பது பல வீடுகளில் வழக்கமே இல்லை, "சாப்பிட்டியா?" என்பதிலேயே எல்லாம் அடங்கிவிடும். இன்றைய பிள்ளைகளுக்கு அது எட்டுவதில்லை. வீட்டில் யாரும் ஒன்றும் சொல்லாவிட்டால், தன்னைப் பிடிக்கவில்லை என்றே எடுத்துக்கொள்கிறார்கள்.

அதற்காக வாய்க்கு வந்தபடி புகழ வேண்டாம். 1998-இல் கிளாடியா மியூலர், கரோல் டுவெக் என்ற இரு உளவியலாளர்கள் வெளியிட்ட ஆய்வில், "நீ புத்திசாலி" என்று பாராட்டப்பட்ட ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளில் பெரும்பாலோர் அடுத்து எளிய புதிர்களையே தேடினார்கள். உழைப்புக்காகப் பாராட்டப்பட்ட மற்ற பிள்ளைகளில் பெரும்பாலோர் கடினமானதைத் துணிந்து எடுத்தார்கள். அந்தத் தாத்தா வராந்தாவில் சொன்னாரே, "அவனே உக்காந்து போட்டான்" என்று, அதைப் போன்ற பாராட்டுதான் வேண்டும். பிள்ளையிடமே சொல்ல வேண்டும்.

இன்னொன்று, தொடுவது. கன்னத்தைக் கிள்ளி, இழுத்து வைத்து முத்தம் கொடுக்கும்போது பிள்ளை விலகினால், "ஒட்டவே மாட்டேங்குதே" என்று பெரியவர்கள் நொந்துபோகிறார்கள். அது திமிர் இல்லை. பிடிக்காத தொடுதலுக்கு 'வேண்டாம்' சொல்லலாம் என்று நாங்கள்தான் வகுப்பில் சொல்லித் தருகிறோம். "மாமாவுக்கு ஒரு முத்தம் குடு" என்று நீங்களே தள்ளிவிட்டால் அந்தப் பாடம் வீணாகிவிடும். வணக்கம் சொல்லட்டும், கை கொடுக்கட்டும், போதும். ஊருக்குக் கிளம்பும் முன்பே பாட்டியிடம் போனில் பக்குவமாகச் சொல்லிவையுங்கள்: "உங்களைப் பிடிக்காம இல்லம்மா, கூச்சப்படுறா. கொஞ்ச நேரத்துல அவளே வந்து மடியில உக்காருவா." பெரும்பாலும் அப்படித்தான் நடக்கும்.

யாராவது தொட்டது பிடிக்கவில்லை என்று பிள்ளை சொன்னால், "அவர் அப்படிப்பட்டவர் இல்ல" என்று வாயை அடைத்துவிடாதீர்கள். முழுவதும் கேளுங்கள். சிறார் உதவி எண் 1098 இரவு பகல் எந்நேரமும் உண்டு. எங்களிடமும் சொல்லலாம்.

அடுத்த பெற்றோர் கூட்டத்துக்கு முடிந்தால் தாத்தா பாட்டியையும் அழைத்து வாருங்கள். இனி மதிப்பெண் பற்றிப் பேசும்போது பிள்ளையையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டே பேசும்படி ஆசிரியர்களிடம் சொல்லியிருக்கிறேன்.

பொங்கல் வாழ்த்துகள்.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்