பெர்னார் பிளியேவுக்கு, அடி வாங்கும் கலை குறித்து

அன்புள்ள பெர்னார் பிளியே அவர்களுக்கு,

வணக்கம். பிரெஞ்சு சினிமாவில் அடி வாங்குவதற்கென்றே ஒரு மரியாதையைத் தேடித் தந்த நடிகர் நீங்கள். 1963-இல் வந்த ‘லே தோந்தோன் ஃபிளாங்கர்’ படத்தை நினைத்துப் பாருங்கள். ரவுல் வோல்ஃபோனி என்கிற தாதா நீங்கள். நாயகன் லினோ வெந்துரா பிறந்தநாள் பாட்டுப் பாடிக்கொண்டே வந்து உங்கள் மூக்கில் ஒரு குத்து விடுகிறார். அதற்குப் பிறகு நீங்கள் சபதம் செய்கிறீர்கள்: அவனைத் துண்டு துண்டாக்கிப் பாரிஸின் நான்கு மூலைகளிலும் இறைத்துவிடுவேன் என்று. மிஷேல் ஓதியார் எழுதிய அந்த வசனத்தைப் பிரெஞ்சுக்காரர்கள் இன்றும் மனப்பாடமாகச் சொல்கிறார்கள்.

சொல்பவர்கள் எல்லோரும் சிரித்துக்கொண்டே சொல்கிறார்கள் என்பதுதான் என் குறை. நீங்கள் சிரிக்கவில்லையே! நன்றாக நடந்துகொண்டிருந்த தொழிலில் எவனோ புகுந்து அநியாயம் செய்துவிட்டான் என்று பொருமும் கடை முதலாளியின் நியாயமான கோபம் அது. உங்கள் முகத்தில் அவமானம் நிஜமாக இருப்பதால்தான் எங்களுக்குச் சிரிப்பு வருகிறது. சிரிக்க வைக்க வேண்டும் என்று நீங்கள் ஒரு புருவத்தை உயர்த்தியிருந்தால் கூட அந்தக் காட்சி படுத்திருக்கும்.

இந்தப் பாடத்தை நடிகர் லூயி ஜூவேயிடம் கற்றீர்களா? 1916-இல் புவெனஸ் ஐரிஸில் ஓர் உயிரியல் ஆய்வாளரின் மகனாகப் பிறந்து, பாரிஸ் நாடகக் கல்லூரியில் ஜூவேயின் மாணவரானீர்கள். 1938-இல் ‘ஆந்த்ரே தெஸ் ஆர்த்திஸ்த்’ படத்தில் அவர் நடிப்பு ஆசிரியர், நீங்கள் மாணவர். வாழ்க்கையும் சினிமாவும் ஒன்றாகவே இருந்தன. பிறகு போர் வந்தது. ஜெர்மானியரிடம் போர்க்கைதியாக இருந்து திரும்பினீர்கள்.

1947-இல் அதே ஜூவே, திரையில் போலீஸ் அதிகாரியாக, உங்களை எதிரில் உட்காரவைத்து விசாரணை செய்தார். ஆன்றி-ழார்ஜ் குளூஸோவின் ‘கே தெஸ் ஓர்ஃபெவ்ர்’. என் கணக்கில் உங்கள் ஆகச்சிறந்த படம் இதுதான். அப்போது உங்களுக்கு முப்பத்தொரு வயது. தலை அதற்குள் வழுக்கையாகிவிட்டது. பியானோ வாசிக்கும் மொரிஸ் மார்த்தினோவாக வருகிறீர்கள். மனைவியாக வரும் சுசி தெலேர் மேடைப் பாடகி. அவளை மற்ற ஆண்கள் பார்க்கும் பார்வையைப் பார்த்துப் பார்த்தே நீங்கள் வெந்து போகிறீர்கள். ஒருநாள் ஒரு கிழட்டுப் பணக்காரனைச் சுட்டுவிடுவது என்று துப்பாக்கியோடு கிளம்புகிறீர்கள். முதலில் நாடக அரங்குக்குப் போய், தெரிந்தவர்கள் கண்ணில் படும்படி நடமாடி, பின்பு நைசாக நழுவுகிறீர்கள். அங்கே போனால் அந்த ஆள் ஏற்கெனவே செத்துக் கிடக்கிறான். வெளியே ஓடி வந்தால் உங்கள் காரை எவனோ திருடிக்கொண்டு போகிறான். கொலை செய்யப் போன இடத்திலும் முந்திக்கொண்டார்கள். ஓடித் தப்பிக்கவும் வண்டி இல்லை. அந்த நேரத்தில் உங்கள் முகத்தில் பயத்தைவிட எரிச்சல்தான் தூக்கலாகத் தெரியும். அங்கேதான் மொரிஸ் எங்கள் ஆளாகிவிடுகிறான்.

அப்புறம் விசாரணை. ஜூவே சலிப்போடும் அரை அக்கறையோடும் கேள்வி கேட்கிறார். நீங்கள் சொல்லும் ஒவ்வொரு பொய்யும் அடுத்த நிமிடமே காலை வாருகிறது. கடைசியில் கிறிஸ்துமஸ் இரவில் காவல் கொட்டடியில் மணிக்கட்டை அறுத்துக்கொள்கிறீர்கள். வேறொரு நடிகர் அதை ஒரு பெரிய சோகக் காட்சியாக்கியிருப்பார். நீங்களோ ஒரு கணக்கை முடித்துவைப்பது போல அமைதியாகச் செய்கிறீர்கள்.

குணச்சித்திர நடிகர், துணைப் பாத்திரம் என்றே உங்களை எழுதுகிறார்கள். மொரிஸ் துணைப் பாத்திரமா? 1949-இல் ‘லெகோல் புயிசோனியேர்’ படத்தில் வகுப்பறைக்குள் அச்சு இயந்திரத்தைக் கொண்டுவந்த அந்தக் கிராமத்து வாத்தியாரும் துணைப் பாத்திரமா? செலெஸ்தேன் ஃபிரெனே என்ற நிஜ ஆசிரியரின் கதை அது. படத்தைத் தோளில் சுமந்தது நீங்கள்தான். ஆனாலும் ஐம்பதுகளில் பட அதிபர்களுக்கு நாயகர்களாக ழான் கபெனும் வெந்துராவும் போதும், அவர்களுக்கு எதிரே நிற்க நீங்கள் போதும் என்றாகிவிட்டது.

எதிரே நிற்பதிலும் ஒரு நுணுக்கம் வைத்திருந்தீர்கள். 1958-இல் ‘லே மிசெராப்ளி’ல் நாயகனை விடாமல் துரத்தும் போலீஸ் அதிகாரி ஜாவேர். அதைவிட எனக்குப் பிடித்தது 1961-இல் வந்த ‘ல பிரெசிதான்’. ஷலமோன் என்ற அரசியல்வாதி. அரசின் இரகசியத்தைக் கசியவிட்டவன். முன்னாள் பிரதமராக வரும் கபென் அவனை உட்காரவைத்து, குற்ற ஒப்புதலை ஒவ்வொரு வரியாகச் சொல்லி எழுத வைக்கிறார். பேசுவதெல்லாம் கபென்தான். ஆனால் நான் பார்த்துக்கொண்டிருந்தது உங்களை. இந்தக் காகிதத்தை வைத்துக்கொண்டு இந்த மனிதர் வாழ்நாள் முழுக்கத் தன்னை ஆட்டிவைப்பார் என்று ஷலமோனுக்குத் தெரிந்துவிடுகிறது, தெரிந்தும் எழுதுகிறான். கபெனின் கம்பீரத்தில் பாதி, நீங்கள் குனிந்து கொடுத்த கழுத்தால் வந்தது என்று சொன்னால் அவருடைய ரசிகர்கள் சண்டைக்கு வருவார்கள். வரட்டும்.

இத்தாலியர்கள் உங்களை இன்னும் சரியாகப் புரிந்துகொண்டார்கள். மரியோ மொனிசெல்லியின் ‘அமீசி மியேய்’ படத்தில் ஓய்வூதியக்காரர் ரிகி: குறும்புக்காரக் கும்பல் ஒன்று தங்களைக் கொள்ளைக்காரர்கள் என்று நம்பவைத்து அவரை ஏமாற்றுகிறது, அவரோ ஏதோ பெரிய சாகசத்தில் இறங்கிவிட்ட பூரிப்பில் திரிகிறார். மொனிசெல்லியின் இன்னொரு படத்துக்காக 1986-இல் சிறந்த துணை நடிகருக்கான தாவித் தி தொனதெல்லோ விருதும் அங்கேதான் கிடைத்தது. பிரான்ஸ் தன் திரைப்பட விருதான சேசாரைக் கௌரவ விருதாகக் கையில் கொடுத்தது 1989 மார்ச்சில். அதே மாதம் 29-ஆம் தேதி நீங்கள் போய்விட்டீர்கள். 150-க்கும் மேற்பட்ட படங்களுக்குப் பிறகு! இந்தத் தாமதத்தை என்னால் மன்னிக்க முடியவில்லை.

மகன் பெர்த்ரான் தாமதிக்கவில்லை என்பது ஓர் ஆறுதல். 1979-இல் ‘புஃபே ஃப்ருவா’ படத்தில் இசை என்றாலே ஆகாத போலீஸ் அதிகாரியாக உங்களை நடிக்கவைத்தார். கொலைகாரர்களோடு சேர்ந்து சுற்றும் போலீஸ்காரர். அபத்தத்தின் உச்சத்திலும் அலுவலகக் கோப்பைப் புரட்டும் குமாஸ்தாவின் முகம். படத்தின் முடிவில், நீச்சல் தெரியாத உங்களைப் படகிலிருந்து தண்ணீரில் தள்ளிவிடுகிறார்கள். பெற்ற மகனே எழுதி இயக்கிய காட்சி. நாற்பது வருடம் திரையில் அடி வாங்கிய மனிதரை வேறு எப்படி வழியனுப்புவது என்று அவர் யோசித்திருப்பார் போலும்.

அன்புடன்,
உங்கள் ரசிகன்