ஹில்ஹவுஸ் அவென்யூ வீட்டுக்கு விருந்துக்குப் போகும் மகளுக்கு

மஞ்சக்குப்பம், கடலூர்

அன்புள்ள கயல்விழிக்கு,

அப்பா எழுதுவது. இங்கு எல்லோரும் நலம். அம்மாவின் முழங்கால் வலி குறைந்திருக்கிறது. குறைந்ததை ஒப்புக்கொள்ளத்தான் அவளுக்கு மனமில்லை. நீ தொலைபேசியில் சொன்ன செய்தி இதற்குள் தெரு முழுக்கப் பரவிவிட்டது. "யேல் பல்கலைக்கழகத் தலைவர் வீட்டு விருந்துக்கு என் மகளைக் கூப்பிட்டிருக்கிறார்கள்" என்கிறாள் உன் அம்மா. புதிதாகச் சேர்ந்த ஆராய்ச்சியாளர்கள் எல்லோரையும் கூப்பிட்டிருக்கிறார்கள் என்பதை மட்டும் வசதியாக விழுங்கிவிடுகிறாள். நானும் திருத்தவில்லை.

நீ சிரித்துக்கொண்டே ஒன்று சொன்னாய்: "ஒருநாள் நானும் அப்படி ஒரு வீட்டில் இருப்பேன் அப்பா." விளையாட்டுப் பேச்சுதான். ஆனால் நிர்வாகப் பக்கம் வருகிறாயா என்று உன் துறைத்தலைவர் கேட்டதையும் அதே மூச்சில் சொன்னாயே, அதனால்தான் எழுதுகிறேன். பதிவாளர் அலுவலகத்தில் கோப்பு சுமந்தே ஓய்வு பெற்றவன் நான். அந்த உரிமையில் சொல்கிறேன்: இப்படிப்பட்ட வீடுகள் பதவியின் பரிசு என்று வெளியில் இருப்பவர்கள் நினைக்கிறார்கள். உள்ளே போய்வந்தவர்களுக்கு அது வேலை செய்யும் இடம் என்று தெரியும்.

நான் வேலை பார்த்த பல்கலைக்கழகத்தில் துணைவேந்தர் பங்களாவுக்கு அவசரக் கோப்புகளோடு இரவில் போவதுண்டு. முன்கூடத்தில் பல்கலைக்கழக ஆட்சிக்குழுவான சிண்டிகேட்டின் உறுப்பினர் ஒருவர் உட்கார்ந்திருப்பார், தாழ்வாரத்தில் மாணவர் சங்கத்தினர் நிற்பார்கள், வாசலில் தினக்கூலிப் பணியாளர்கள் மனுவோடு காத்திருப்பார்கள். துணைவேந்தர் சாப்பாட்டுத் தட்டிலிருந்து எழுந்து வந்து கையெழுத்துப் போடுவார். மூன்று ஆண்டுகள் முடிந்தால் லாரி வரும், சாமான்களை ஏற்றிக்கொண்டு போவார்கள், சுவருக்கு வெள்ளையடிப்போம். தோட்டத்து மாமரம் மட்டும் எல்லாத் துணைவேந்தர்களையும் பார்த்திருக்கிறது.

நீ போகப்போகும் வீட்டைப் பற்றி இந்த வாரம் நிறையப் படித்தேன். ஓய்வு பெற்றவனுக்கு வேறென்ன வேலை? ஹில்ஹவுஸ் அவென்யூ 43-ஆம் எண். அமெரிக்காவிலேயே அழகான தெரு என்று சார்லஸ் டிக்கன்ஸ் சொன்னதாக, யேல் இருக்கும் ஊரான நியூ ஹேவனில் சொல்லிக்கொள்வார்களாம். அந்தத் தெருவை 1792-இல் தன் சொந்த நிலத்தில் வகுத்தவர் ஜேம்ஸ் ஹில்ஹவுஸ். அமெரிக்க செனட்டராக இருந்தவர், ஊர் முழுக்க எல்ம் மரங்களை நடவைத்து 'எல்ம் நகரம்' என்ற பெயரையே வாங்கித் தந்தவர். ஆனால் எனக்குப் பிடித்த செய்தி வேறு: 1782 முதல் 1832-இல் இறக்கும்வரை, ஐம்பது ஆண்டுகள், அவர்தான் யேல் கல்லூரியின் பொருளாளர். கல்லூரியின் கஜானாவைப் பார்த்துக்கொண்டவர் போட்ட தெருவில்தான் இன்று கல்லூரியின் தலைவர் குடியிருக்கிறார். எங்கள் அலுவலக நிதி அதிகாரிக்கு இது தெரிந்திருந்தால் எத்தனை பெருமைப்பட்டிருப்பார்!

43-ஆம் எண் வீட்டை 1871-இல் கட்டியவர் ஹென்றி ஃபார்னம். பெரிய படிப்பு எதுவும் இல்லாதவர், கணக்கையும் நில அளவையையும் தானே கற்றுக்கொண்டவர். ஹில்ஹவுஸ் தன் முதுமையில் முன்னின்று வெட்டுவித்த ஃபார்மிங்டன் கால்வாயில் பொறியாளராகச் சேர்ந்தார். கால்வாய் லாபம் தரவில்லை. அதன் ஓரமாகவே ரயில் பாதை போட்டார்கள். பிறகு ஃபார்னம் மேற்கே போய், பக்கத்து வீட்டுக்காரர் ஜோசப் ஷெஃபீல்டோடு சேர்ந்து சிகாகோவிலிருந்து மிசிசிப்பி ஆறுவரை ரயில் பாதை அமைத்தார். அந்த ஆற்றின் மேல் முதல் ரயில் பாலம் 1856-இல் திறந்தது. சில நாட்களிலேயே ஒரு நீராவிப் படகு பாலத்தில் மோதி எரிந்துபோனது. படகுக்காரர்கள் வழக்குப் போட்டார்கள். பாலத்தின் பக்கம் வாதாடிய வக்கீல்களில் ஒருவர் ஆபிரகாம் லிங்கன். அந்தப் பாலத்துக்காரர் சம்பாதித்துக் கட்டிய வீட்டில்தான் நீ தட்டேந்தி நிற்கப்போகிறாய்.

ஃபார்னம் தன் மனைவிக்கும் மகனுக்கும் பிறகு வீடு யேலுக்குச் சேரவேண்டும் என்று எழுதிவைத்தார். மகன் அதே பல்கலைக்கழகத்தில் பொருளாதாரப் பேராசிரியர், 1933-இல் காலமானார். அதற்குப் பின் வீட்டின் முகத்தையே மாற்றினார்கள். கூர்ங்கோபுரப் பாணியில் இருந்ததைப் பழைய ஆங்கில வீடுகளின் ஜார்ஜியப் பாணிக்கு மாற்றினார்கள். 1937-இல் சார்லஸ் சீமோர் குடிவந்ததிலிருந்து அது தலைவர்களின் வீடு. 1701-இல் தொடங்கிய கல்லூரிக்கு இந்த வீடு நேற்று வந்தது.

இந்தத் தலைவர் பதவியை நம் துணைவேந்தர் பதவியோடு அப்படியே பொருத்திப் பார்க்காதே. நம்மூரில் ஆளுநர்தான் வேந்தர், தேடல் குழு மூன்று பெயர்களைத் தரும், பதவிக்காலம் மூன்றாண்டு. அங்கே தேர்ந்தெடுப்பதும் நீக்குவதும் யேல் கார்ப்பரேஷன் என்ற பத்தொன்பது பேர் கொண்ட ஆட்சிக்குழு. தலைவரும் அதில் ஒருவர். கனெக்டிகட் மாநில ஆளுநருக்கும் துணை ஆளுநருக்கும் பழைய வழக்கப்படி இடம் உண்டு, அவ்வளவுதான். காலக்கெடு கிடையாது. ரிச்சர்ட் லெவின் இருபது ஆண்டுகள் இருந்தார். பாடத்தையும் பட்ஜெட்டையும் அன்றாடம் பார்த்துக்கொள்ள புரோவோஸ்ட் என்று ஒருவர் இருக்கிறார். அப்படியானால் தலைவருக்கு என்ன வேலை என்று கேட்பாய். ஆள் தேர்ந்தெடுப்பது, பணம் கேட்பது, பதில் சொல்வது. முதலிரண்டையும் யாரும் கற்றுக்கொள்ளலாம் என்று நினைக்கிறேன். மூன்றாவதற்குத்தான் அந்தத் தெருவில் குடியிருக்க வேண்டியிருக்கிறது.

1970 மே மாதத்தை எடுத்துக்கொள். கறுப்பின மக்களின் உரிமைக்காகப் போராடிய கருஞ்சிறுத்தைக் கட்சியினர் மீதான கொலை வழக்கு நியூ ஹேவனில் நடக்கிறது. நாடு முழுவதிலுமிருந்து ஆயிரக்கணக்கானோர் திரண்டு வருகிறார்கள். ராணுவக் காவலர்கள் துப்பாக்கியோடு நிற்கிறார்கள். கிங்மன் ப்ரூஸ்டர் அப்போது தலைவர். கதவைப் பூட்டச் சொல்வார் என்றுதான் எவரும் எதிர்பார்த்திருப்பார்கள். அவர் விடுதி முற்றங்களைத் திறந்துவிட்டு, வந்தவர்களுக்குச் சாப்பாடும் படுக்க இடமும் கொடுத்தார். கறுப்பினப் புரட்சியாளர்களுக்கு இந்த நாட்டில் நியாயமான விசாரணை கிடைக்குமா என்று தனக்குச் சந்தேகம் இருப்பதாகவும் சொன்னார். அமெரிக்கத் துணை ஜனாதிபதி ஆக்னியு, இவரை மாற்றவேண்டும் என்று மேடையில் பேசினார். ஊர் எரியவில்லை. ப்ரூஸ்டர் 1977 வரை இருந்தார். அந்தச் சில நாட்களை, தானே முன்னின்று பதில் சொல்லாமல், ஒரு சட்ட ஆலோசகர் எழுதிக்கொடுத்த அறிக்கையை மட்டும் வைத்து அவர் கடந்திருக்க முடியாது.

மறுபக்கமும் இருக்கிறது. 1986-இல் வந்த பென்னோ ஷ்மிட் கெட்டிக்காரர், சட்டப் பேராசிரியர். ஆனால் குடும்பம் நியூயார்க்கில். அவர் பெரும்பாலும் அங்கேதான் இருக்கிறார் என்று மாணவர்கள் குறைப்பட்டுக்கொண்டே இருந்தார்கள். கட்டடங்களைப் பழுதுபார்க்கப் பெருந்தொகை ஒதுக்கியவர் அவர்தான் என்பது பலருக்கு நினைவில்லை. வீட்டில் இல்லாததுதான் நினைவில் நிற்கிறது. நியாயமா என்றால் முழு நியாயமில்லை. மனைவிக்கும் ஒரு தொழில் இருக்கும், ஒரு ஊர் இருக்கும். ஆனாலும் 1991 பிப்ரவரியில் அதே ஹில்ஹவுஸ் அவென்யூவில், செயின்ட் மேரி தேவாலயத்தின் முன்னால், ஒரு யேல் மாணவன் சுட்டுக் கொல்லப்பட்டான். தலைவர் வீட்டிலிருந்து நடந்துபோகும் தூரம். அழகான தெரு என்ற பெயர் அந்த இரவில் எதற்கும் உதவவில்லை. அதற்குப் பின் வந்த லெவின் காலத்தில்தான், 1994-இல், யேல் ஊழியர்கள் நியூ ஹேவனுக்குள்ளேயே வீடு வாங்கினால் பணம் தரும் திட்டம் தொடங்கியது. (இது உனக்கும் பொருந்துமா என்று விசாரி. வாடகை என்று நீ சொன்ன தொகையைக் கேட்டு அம்மா அன்று இரவு தூங்கவில்லை.)

அந்த தேவாலயத்துக்கும் ஒரு கதை உண்டு. ஐரிஷ் கத்தோலிக்கத் தொழிலாளர்கள் காசு சேர்த்து 1870-களில் கட்டியது. பிரபுக்கள் தெருவுக்கு இது களங்கம் என்ற தொனியில் 1879-இல் நியூயார்க் பத்திரிகை ஒன்று எழுதியது. வீட்டு வேலைக்கு வருபவர்கள் அதே தெருவில் சாமி கும்பிடக்கூடாது என்று நினைக்கும் மனம் எந்த ஊருக்கும் புதிதில்லை. நம் அக்கிரகாரங்களையும் தேர் ஓடும் வீதிகளையும் அறிந்த உனக்கு நான் விளக்க வேண்டியதில்லை. அதற்கும் முன்பு, 1831-இல், கறுப்பின இளைஞர்களுக்கு ஒரு கல்லூரி தொடங்கலாமா என்று நியூ ஹேவனில் கூட்டம் கூட்டினார்கள். வேண்டாம் என்றவர்கள் 700 பேர். வேண்டும் என்றவர்கள் 4 பேர். ஃபார்மிங்டன் கால்வாய் ஓடிய தடம் இப்போது நடைபாதை. ஹில்ஹவுஸ் அவென்யூவுக்குக் கீழே நுழைந்து, டிக்ஸ்வெல் என்ற பகுதி வழியாக, வின்செஸ்டர் துப்பாக்கித் தொழிற்சாலையை நம்பி வாழ்ந்து பிறகு அதை இழந்த நியூஹால்வில் என்ற பகுதிவரை போகிறது. விருந்துக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை பகலில் அந்தப் பாதையில் நடந்து பார். தலைவர் யாருக்கெல்லாம் பக்கத்து வீட்டுக்காரர் என்பது வரைபடத்தைவிட நன்றாகப் புரியும்.

அந்தப் பகுதி மக்கள் கேட்கும் கேள்வி எளிமையானது. யேலின் அறக்கட்டளை நிதி 4,000 கோடி டாலருக்கு மேல். கல்விக்காகப் பயன்படும் கட்டடங்களுக்குச் சொத்து வரி கிடையாது. நகராட்சிக்கோ பள்ளிக்கூடம் நடத்தவும் தெருவிளக்கு எரிக்கவும் வரிதான் வழி. 2021-இல் பீட்டர் சலோவே தலைவராக இருந்தபோது, ஆறு ஆண்டுகளில் ஏறக்குறைய 13.5 கோடி டாலர் தாமாக முன்வந்து தருவதாக யேல் ஒப்புக்கொண்டது. போதாது என்பவர்களும் உண்டு, இவ்வளவு தருவதே பெரிது என்பவர்களும் உண்டு. நான் முதல் கட்சி. க்ரோவ் தெருக் கல்லறைத் தோட்ட வாசலில் 'மரித்தோர் எழுப்பப்படுவார்கள்' என்று பொறித்திருப்பதைப் பார்த்திருப்பாய். யேலுக்கு அந்த இடம் தேவைப்பட்டால் கட்டாயம் எழுப்பப்படுவார்கள் என்று பழைய தலைவர் ஒருவரே சொன்னதாகக் கதை. தன் நிறுவனத்தைப் பற்றி ஊர் என்ன நினைக்கிறது என்று தெரிந்த மனிதர்.

இன்னும் ஒரு பதில் பாக்கி இருக்கிறது. அதில் நம் ஊருக்கும் பங்கு உண்டு. எலிஹு யேல் 1687 முதல் 1692 வரை சென்னைக் கோட்டையின் ஆளுநர். 1690-இல் அவருடைய நிர்வாகம்தான் நம் தேவனாம்பட்டினம் கோட்டையைச் செஞ்சியிலிருந்த மராட்டியரிடம் விலைக்கு வாங்கியது. பீரங்கி சுட்டு, குண்டு விழுந்த தூரம்வரை உள்ள கிராமங்கள் கம்பெனிக்கு என்று ஒப்பந்தம். சின்ன வயதில் சைக்கிளில் உன்னைக் கூட்டிப்போய்க் காட்டிய குண்டு கிராமங்கள் அவைதான். சொந்த வியாபாரத்தில் கொழுத்தார் என்ற புகார்களோடு எலிஹு யேலின் பதவி போனது. அவர் காலத்தில் சென்னைக் கோட்டைத் துறையிலிருந்து நம் மக்கள் அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டதற்குக் கோட்டையின் பதிவேடுகளே சாட்சி. 1718-இல் அவர் அனுப்பிய ஒன்பது பொதிச் சரக்கு 562 பவுனுக்கு விலைபோனது; கூடவே 417 புத்தகங்கள், ஒரு ராஜாவின் படம். அதற்கு ஈடாகக் கல்லூரிக்கு அவர் பெயர். இத்தனை மலிவாக வேறு யாரும் சாகாவரம் வாங்கியதில்லை.

கழுத்தில் உலோகப் பட்டையோடு ஒரு சிறுவன் நிற்க, எலிஹு யேல் ஒயின் கோப்பையோடு உட்கார்ந்திருக்கும் ஓவியம் அங்கேயே அருங்காட்சியகத்தில் இருக்கிறது. சில காலம் இறக்கி வைத்து, ஆராய்ந்து, விளக்கத்தோடு மீண்டும் மாட்டினார்கள். 2024 பிப்ரவரியில் அடிமை முறையில் தனக்கிருந்த பங்குக்காக யேல் வெளிப்படையாக மன்னிப்புக் கேட்டது. அதே ஆண்டு ஜூலையில் பொறுப்பேற்ற மாரி மெக்கின்னிஸ், அந்தப் பதவியில் நிரந்தரமாக அமர்ந்த முதல் பெண். அடிமை வணிகத்தைச் சித்தரித்த ஓவியங்களை ஆராய்ந்த வரலாற்றாசிரியர். உன் கையைக் குலுக்கப்போவது அவர்தான். கடலூரிலிருந்து வருகிறேன் என்று சொல். புரியாமல் விழித்தால், தேவனாம்பட்டினம் கோட்டை என்று சொல். அவருக்குப் பின்னால் வரிசையில் நூறு பேர் நிற்பார்கள். இரண்டு நிமிடத்துக்கு மேல் எடுத்துக்கொள்ளாதே.

நிர்வாகப் பக்கம் போவதா என்பதை நீ முடிவு செய். எனக்கு ஆட்சேபணை இல்லை. ஆனால் போவதானால், முதல் வேலையாக ஊர்க்காரர்களோடு உட்காரும் குழு ஏதாவது இருந்தால் அதைக் கேட்டு வாங்கு. பரிசு தருவது, மேடை போடுவது போன்ற குழுக்களைப் பிறர் பார்த்துக்கொள்வார்கள். ஆய்வகத்தை முழுதாக விட்டுவிடாதே. நான் பார்த்த துணைவேந்தர்களில் பதவி முடிந்த பிறகும் நிம்மதியாக இருந்தவர்கள், திரும்பிப் போக ஒரு வகுப்பறை வைத்திருந்தவர்கள்தான்.

விருந்துக்குப் பட்டுப்புடவைதான் கட்டவேண்டும் என்று அம்மா சொல்கிறாள். அங்கே குளிர் என்றால் மேலே கோட்டுப் போட்டுக்கொள், அவளிடம் சொல்லவேண்டாம். முந்திரிக்கொத்து அனுப்பட்டுமா, தலைவர் வீட்டுக்குக் கொண்டுபோவாயா என்று கேட்கிறாள். சுங்கத்தில் பிடிப்பார்கள் என்று சொல்லி வைத்திருக்கிறேன். நீயும் அதையே சொல்.

அன்புடன்,
அப்பா