பந்து உச்சியில் இருக்கும்போது

அன்புள்ள மாப்ளே,

உன் கடிதம் வந்து இரண்டு மாதத்துக்கு மேல் ஆகிவிட்டது. பதில் போடாததற்கு என்னை மன்னித்துவிடு. ஆசிரியர் பயிற்சிக்குப் போய், அங்கே எழுந்து எதிர்த்துக் கேட்டுவிட்டு வந்து, "இனிமேல் வாத்தியார் வாயைத் திறக்கக் கூடாதாம். அப்புறம் நான் எதற்கு? ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டுப் போய்விடுகிறேன்" என்று எழுதியிருந்தாயே, அந்த இடத்திலேயே நான் நின்றுவிட்டேன். சும்மா ஆறுதல் சொன்னால் உனக்குக் கோபம் வரும், எனக்கும் அது பிடிக்காது. நேற்று முன்தினம் என் வகுப்பில் ஒன்று நடந்தது. உனக்குச் சொல்ல வேண்டியது அதில் இருக்கிறது என்று தோன்றியதும் உட்கார்ந்துவிட்டேன்.

இங்கே எல்லோரும் நலம். சின்னவள் இன்னும் உன்னை 'லாடம் மாமா' என்றுதான் சொல்கிறாள், நீயாகத் தேடிக்கொண்ட பெயர். என் முழங்கால் அப்படியேதான் இருக்கிறது. சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

பதினொன்றாம் வகுப்புக்கு இயக்கவியல் நடத்தி முடித்து, தேர்வும் வைத்து, பேப்பரும் கொடுத்தாயிற்று. நல்ல மதிப்பெண்கள்தான். அடுத்த பாடத்துக்குப் போவதற்கு முன் கரும்பலகையில் ஒரு கேள்வி எழுதினேன். ஒரு பந்தைச் செங்குத்தாக மேலே எறிகிறோம். அது உச்சியில் இருக்கும் அந்தக் கணத்தில் அதன் முடுக்கம், அதாவது அதன் வேகம் மாறும் வீதம், எவ்வளவு? பேசாமல் ஒரு நிமிடம் யோசித்து நோட்டில் எழுதுங்கள் என்றேன். பிறகு கையைத் தூக்கச் சொன்னேன். 42 பேரில் 26 பேர் பூஜ்யம் என்றார்கள். அதில் எட்டுப் பேர் தேர்வில் தொண்ணூறுக்கு மேல் வாங்கியவர்கள். பந்து எத்தனை நொடியில் உச்சிக்குப் போகும் என்று தசமப் புள்ளி வரை கணக்குப் போட்டவர்கள். அந்தக் கணக்கில், வழி முழுவதும் முடுக்கம் கீழ்நோக்கி 9.8 என்ற சரியான விடையைத் தங்கள் கையாலேயே எழுதியவர்கள்!

முன்பெல்லாம் இந்த இடத்தில் சாக்பீஸை எடுத்துக்கொண்டு திரும்பவும் முதலிலிருந்து விளக்கியிருப்பேன். இந்த முறை, "உங்களிடமிருந்து வேறுபட்ட விடை எழுதியவர் யாரென்று தேடிப் பிடித்து, அவரை ஒப்புக்கொள்ள வையுங்கள். மூன்று நிமிடம்" என்றேன். ஒரே இரைச்சல். நடுவே நடந்துகொண்டிருந்தேன். இரண்டாவது வரிசையில் ஒரு பெண் பக்கத்திலிருப்பவளிடம் கேட்டாள்: "நின்னுபோன பந்துக்கு முடுக்கமும் இல்லைன்னா அது எதுக்குடி கீழே வரணும்? அங்கேயே தொங்கிக்கிட்டு இருக்காதா?" மற்றவள் பதில் சொல்லவில்லை. விட்டத்தைப் பார்த்தாள். நோட்டில் எழுதியிருந்த பூஜ்யத்தின் மேல் பேனா முனையை வைத்தபடி, அதை அடிக்காமல் அப்படியே கொஞ்ச நேரம் இருந்தாள். பிறகு சிரித்தாள். திரும்பக் கை தூக்கச் சொன்னபோது பூஜ்யத்துக்கு ஐந்து பேர்தான் இருந்தார்கள்.

22 வருஷமாக இதை விளக்குகிறேன், மாப்ளே. அந்தப் பெண் சொன்ன ஒரு வாக்கியத்தை நான் ஒரு தடவைகூடச் சொன்னதில்லை. எனக்கு அது சிக்கலாக இருந்த காலம் போய் வெகுநாளாகிறது. எங்கே இடறும் என்பதே மறந்துவிட்டது. அவள் அந்தப் பள்ளத்தைத் தாண்டி ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது. அதனால் பக்கத்திலிருப்பவளின் கையைச் சரியான இடத்தில் பிடிக்க முடிந்தது.

ஹார்வர்டில் எரிக் மசூர் என்று ஒரு இயற்பியல் பேராசிரியர். மாணவர்கள் புகழ்ந்து தள்ளிய விரிவுரையாளர். 1990 வாக்கில், விசை பற்றிய மிக எளிய கேள்விகளைத் தன் மாணவர்களுக்குக் கொடுத்துப் பார்த்தார். சூத்திரங்களில் புகுந்து விளையாடியவர்கள் அதில் தடுமாறினார்கள். நீங்கள் சொல்லிக் கொடுத்தபடி எழுத வேண்டுமா, நாங்கள் நினைக்கிறபடி எழுத வேண்டுமா என்று ஒரு மாணவி அவரிடம் கேட்டிருக்கிறாள். இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. பாடம் ஒரு பக்கம், நம்பிக்கை ஒரு பக்கம் என்று இரண்டும் ஒரே தலைக்குள் சண்டை இல்லாமல் குடியிருக்கின்றன! அதற்குப் பிறகுதான் அவர் பக்கத்தில் இருப்பவரோடு வாதிடும் இந்த முறைக்கு மாறினார். 1998-ல் ரிச்சர்ட் ஹேக் என்ற அமெரிக்க இயற்பியல் பேராசிரியர் 62 வகுப்புகளின், ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட மாணவர்களின் கணக்கைச் சேர்த்துப் பார்த்தார். பாடத்துக்கு முன் தெரியாமல் இருந்ததில் எவ்வளவு பங்கைப் பாடம் முடிவதற்குள் பிடித்தார்கள் என்பதுதான் கணக்கு. விரிவுரை மட்டும் நடந்த வகுப்புகளில் சராசரி 23 சதவீதம். மாணவர்கள் யோசித்து, பேசி, உடனுக்குடன் திருத்திக்கொண்ட வகுப்புகளில் 48.

வெளிநாட்டுக்காரர்கள் சொன்னதையெல்லாம் தூக்கிக்கொண்டு வருகிறான் என்பாய். சரி, நீயும் நானும் மனப்பாடம் செய்து ஒப்பித்த நன்னூலை எடுத்துக்கொள். "ஆசான் உரைத்தது அமைவரக் கொளினும் காற்கூறு அல்லது பற்றலன் ஆகும்." ஆசிரியர் சொன்னதை அப்படியே உள்வாங்கினாலும் கால் பங்குதான் தேறுமாம். இன்னொரு கால் கூடப் படிப்பவர்களோடு பழகிப் பேசுவதில். மீதி அரைப் பங்கு பிறருக்கு எடுத்துச் சொல்வதில். பவணந்தியார் 13-ஆம் நூற்றாண்டில் எழுதி வைத்தது. நாம் அதை எதுகை பார்த்து அசை பிரித்து மதிப்பெண் வாங்கினோம். சொன்னது என்னவென்று நின்று பார்க்கவில்லை.

இந்த மாற்றம் எப்படி ஆரம்பித்தது என்று உனக்குச் சொல்லவில்லை, இல்லையா? போன வருஷம் ஒரு நாள் என் வகுப்பை நானே செல்போனில் பதிவு செய்து, ராத்திரி எல்லோரும் தூங்கியபின் கேட்டேன். 40 நிமிட வகுப்பில் 34 நிமிடம் என் குரல். 29 கேள்விகள் கேட்டிருந்தேன், பெருமையாக இருந்தது. அப்புறம் ஒவ்வொரு கேள்விக்கும் எவ்வளவு நேரம் காத்திருந்தேன் என்று கடிகாரத்தை வைத்துப் பார்த்தேன். பாதிக்கு மேல் ஒரு நொடிகூட இல்லை. கேள்வியை நானே கேட்டு, பதிலையும் நானே சொல்லி, "புரிஞ்சுதா?" என்று கேட்டு, "புரிஞ்சுது சார்" என்ற கோரஸை வாங்கிக்கொண்டு போயிருக்கிறேன்.

மேரி பட் ரோ என்ற அமெரிக்க ஆய்வாளர் 1970-களிலேயே இதை அளந்திருக்கிறார். ஆசிரியர்கள் கேட்டுவிட்டுக் காத்திருப்பது சராசரியாக ஒரு நொடிதான். அதை மூன்று நொடியாக்கினால் பதில்கள் நீளமாகின்றன, பேசாத பிள்ளைகள் பேசுகிறார்கள், அவர்களே கேள்வியும் கேட்கிறார்கள். மூன்று நொடிதானே என்று நினைக்காதே. வகுப்பின் முன்னால் நின்று மனதுக்குள் எண்ணிப் பார். முதல் வாரம் எனக்கு வியர்த்தது.

இப்போது நீ கோபப்படும் இடத்துக்கு வருகிறேன். அதில் உன் பக்கம் நியாயம் இருக்கிறது. அந்தப் பதிவைக் கேட்ட வேகத்தில் நான் மறு கோடிக்குப் போனேன். மின்னோட்டம் பாடத்துக்கு பாட்டரி, ஒயர், பல்பு எல்லாம் குழுக் குழுவாகக் கொடுத்துவிட்டு, நீங்களே கண்டுபிடியுங்கள், நான் குறுக்கே வர மாட்டேன் என்றேன். மூன்று வாரம். ஒவ்வொரு குழுவிலும் ஒருவன் ஒயரைப் பிடித்தான், மற்றவர்கள் வேடிக்கை பார்த்தார்கள். ஒரு பெட்டியில் இரண்டு பல்பில் ஒன்று பழையது போலிருக்கிறது, தொடராக இணைத்தபோது மங்கலாக எரிந்தது. அதைப் பார்த்த குழு, மின்னோட்டத்தில் பாதி முதல் பல்பிலேயே செலவாகிவிடுகிறது என்று தப்பாக முடிவு கட்டி, அழகாகப் படம் போட்டு, பக்கத்துக் குழுவையும் நம்ப வைத்துவிட்டது. நான் வாயை மூடிக்கொண்டு நின்றேன். அவர்களாகத் திருத்திக்கொள்வார்கள் என்று காத்திருந்தேன். ஒரு பையன் செயல்தாளின் கடைசியில், "சார், தயவுசெய்து நீங்களே சொல்லிக் கொடுத்துவிடுங்கள்" என்று எழுதியிருந்தான். அதைப் பார்த்ததும் நெஞ்சு வலித்தது. அவனுக்கு வேண்டிய நேரத்தில் அவனுடைய ஆசிரியர் பக்கத்திலேயே நின்றுகொண்டு உதவாமல் இருந்திருக்கிறார்.

கிர்ஷ்னர், ஸ்வெல்லர், கிளார்க் என்ற கல்வி ஆய்வாளர்கள் மூன்று பேரும் 2006-ல் எழுதிய கட்டுரை இதைத்தான் சொல்கிறது. ஒரு விஷயத்துக்குப் புதியவனின் மனம் ஒரே நேரத்தில் நாலைந்து சங்கதிகளுக்கு மேல் தாங்காது. எதைப் பார்க்க வேண்டும், எதை விட வேண்டும் என்பதே தெரியாதவனைத் தனியாகத் தேட விட்டால், தேடுவதிலேயே பலம் போய்விடும், கற்பதற்கு மிச்சம் இருக்காது. ஏற்கனவே அஸ்திவாரம் உள்ளவனை விடலாம், அவன் தேடிக்கொள்வான். ஆகவே வாத்தியார் பேசக் கூடாது என்று உனக்குப் பயிற்சி கொடுத்தவர்கள் சொன்னது தப்பு. நீ எழுந்து கேட்டது சரி.

எப்போது பேசுவது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. ஷ்வார்ட்ஸ், பிரான்ஸ்ஃபோர்டு என்ற இரண்டு கல்வி ஆய்வாளர்கள் 1998-ல் ஒரு சோதனையை வெளியிட்டார்கள். ஒரு குழு பாடப் பகுதியைப் படித்துச் சுருக்கம் எழுதியது. இன்னொரு குழு மூலத் தரவுகளை ஒப்பிட்டு முட்டி மோதியது. அப்புறம் இரண்டு பேருக்கும் ஒரே விரிவுரை. மோதிவிட்டு வந்தவர்களுக்கு அது அதிகம் பயன்பட்டது. மூன்றாவதாக ஒரு குழு விரிவுரை இல்லாமலே மோதியது, அவர்களுக்கு அந்தப் பயன் கிடைக்கவில்லை. பசித்தவனுக்குச் சாப்பாடு மாதிரி என்று வைத்துக்கொள்.

புகாரும் வந்தது. "சார் பாடமே நடத்துவதில்லை, பிள்ளைகளைப் பேச விட்டுவிட்டு உலாத்துகிறார்" என்று ஒரு பெற்றோர். பிள்ளைகளுக்கே அப்படித் தோன்றுகிறது. 2019-ல் ஹார்வர்டில் இதையும் பார்த்திருக்கிறார்கள். தாங்களே வேலை செய்த வகுப்பில் மாணவர்கள் அதிகம் கற்றார்கள், ஆனால் குறைவாகக் கற்றதாகவே உணர்ந்தார்கள். தெளிவான விரிவுரையைக் கேட்கும்போது எல்லாம் புரிந்த மாதிரி இருக்கும். தானே திணறும்போது எதுவும் புரியாத மாதிரி இருக்கும். இதை முதல் நாளே பிள்ளைகளிடம் சொல்லிவிட வேண்டும். நான் சொல்லாமல் விட்டேன், அடுத்த வருஷம் சொல்வேன்.

நீ கடைசியாக எடுத்து வைப்பது என்னவென்று தெரியும். நமக்குப் பாடம் எடுத்த 'அதாவது' சார் நம்மை ஒரு நாளாவது குழுவாக உட்கார வைத்தாரா? நாம் நன்றாக வரவில்லையா? ஒரு வாரமாக இதைத்தான் யோசித்தேன். அவர் ஒரு கணக்கை எழுதிவிட்டு என்ன செய்வார், ஞாபகம் இருக்கிறதா? ஜன்னல் பக்கம் போய் நின்றுகொண்டு, விரலில் இருக்கும் சாக்பீஸ் தூளை ஒவ்வொன்றாகத் துடைப்பார். நமக்குத் தந்த நேரம் அது. அப்புறம் மணி அடித்ததும் நீயும் நானும் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வீடு வரை அந்தக் கணக்குக்காகச் சண்டை போட்டோம். நீ சொன்னது தப்பென்று நான், நான் சொன்னது தப்பென்று நீ. கால் பங்கு அவர் வகுப்பில் நடந்தது. முக்கால் பங்கு அந்த ரோட்டில் நடந்தது. உனக்கு நான் இருந்தேன், எனக்கு நீ இருந்தாய். அதே வகுப்பில் இருந்த மற்ற ஐம்பது பேருக்கு யார் இருந்தார்கள்? அவர்களில் எத்தனை பேர், எனக்கு இயற்பியல் வராது என்று இன்றைக்கும் சொல்கிறார்கள், யோசித்துப் பார். அந்த ரோட்டைத்தான் நான் வகுப்புக்குள் கொண்டுவரப் பார்க்கிறேன்.

எழுதிக் கொடுக்காதே, மாப்ளே. வட்ட இயக்கத்தை உன்னைப் போல நடத்த என்னால் முடியாது. நீ கயிற்றில் கல்லைக் கட்டிச் சுற்றிவிட்டு, "விட்டால் எந்தப் பக்கம் போகும்?" என்று கேட்கும் குரல் எனக்கு வராது. அந்தக் கேள்விக்கு அப்புறம் மூன்று நொடி மட்டும் சும்மா இரு. போதும்.

விடுமுறைக்கு முந்தின வாரம் இங்கே வா. என் பதினொன்றாம் வகுப்பில் ஒரு பீரியட் உனக்காக வைத்திருக்கிறேன். முதல் கால் மணி நேரம் பின்பெஞ்சில் என் பக்கத்தில் உட்கார்ந்து அவர்கள் சண்டையைக் கேள். அப்புறம் சாக்பீஸ் உன் கையில்.

உன்
மூணாவது பெஞ்சு

பி.கு.: கடைசி வரை பூஜ்யத்திலேயே நின்ற ஐந்து பேரில் ஒரு பையன் இன்று ஸ்டாஃப் ரூமுக்கே வந்துவிட்டான். "சார், உச்சியில் பந்து எவ்வளவு நேரம் நிற்கும்?" என்று கேட்டான். என் நண்பர் வருகிறார், அவரிடம் கேள், அதுவரை யாரோடாவது சண்டை போட்டுக்கொண்டு இரு என்று சொல்லி அனுப்பியிருக்கிறேன்.