பாம்பன் வெயில்ல பனிக்காட்டுப் பூ

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம். போன வருஷம் எங்க வீட்டுப் பிள்ளை ஆன்லைன்ல டிரில்லியம் விதைன்னு ஒரு பாக்கெட் வாங்குச்சு, நிழல்ல வச்சா போதும் எந்த ஊர்லயும் வரும்னு போட்டிருந்தானாம், நானும் நம்பி பெயிண்ட் டப்பால மண்ணப் போட்டு கொல்லையில முருங்கை நிழல்ல வச்சு தினமும் குடிதண்ணிய ஊத்துனேன், இங்க நல்ல தண்ணி ஒரு குடத்தோட அருமை எங்களுக்குத்தான் தெரியும். ஒண்ணும் முளைக்கல.

அப்புறம் விசாரிச்சா அது அமெரிக்கா, கனடா மேற்குப் பக்கம் ஈரமான ஊசியிலைக் காட்டுக்குள்ள வர்ற செடியாம். மூணு இலை, மேல மூணு இதழ்ல ஒரே ஒரு வெள்ளைப் பூ, நாளாக ஆக ரோஸ் கலராயிடும். விதையில ஒட்டியிருக்கற கொழுப்புக்காக எறும்பு இழுத்துட்டுப் போயி, அதத் தின்னுட்டு விதைய அங்கயே போட்டுடுமாம், விதைப்பே அப்படித்தான். குளிர்காலம் ஒண்ணு ரெண்டு பட்டாத்தான் முளைக்கும், பூக்க இன்னும் பல வருஷம். நாங்க மார்கழியிலயே ஃபேன் போட்டுத் தூங்குற ஆளுங்க! எறும்பு மட்டும்தான் எங்கிட்ட இருக்கு.

விக்கிறவன் சொல்லமாட்டான், நீங்களாவது தோட்டப் பக்கத்துல எந்தச் செடி எந்த மண்ணுக்குன்னு சேர்த்துப் போடுங்க. அப்படியே எங்க அடும்பு பத்தியும் எழுதுங்க. யாரும் தண்ணி ஊத்தாம கரை மணல்ல படர்ந்து கெடக்கும், ஆட்டுக்குளம்பு மாதிரி இலை, காலையில ஊதாவா விரிஞ்சு வெயில் ஏறுனா சுருங்கிடும், மணல் காத்துல பறக்காம புடிச்சு வைக்கிறதே அதுதான். சங்கப்பாட்டு நெய்தல்லயே வருது. எங்க ஆளுங்க அது மேலதான் வலையக் காயப்போடுறாங்க.

இப்படிக்கு,
ஒரு வாசகர், பாம்பன்